பிஞ்சு அணுக்களின் சாட்சியம்

"என் வீட்டுக்காரர் செத்துக்கிட்டிருக்கார் மேடம். எங்கேன்னு மட்டும் கண்டுபிடிச்சுக் கொடுங்க."

வந்த பெண் உட்காரவில்லை. நாற்காலியின் முதுகை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றாள். கழுத்தில் அளவு நாடா தொங்கியது. தையல் மெஷினை மிதித்துக்கொண்டிருந்தவள் பாதித் தையலில் எழுந்து ஓடி வந்திருக்கிறாள் என்று குண்டூசிக்குப் புரிந்தது. அவன் வாயில் தயாராக இருந்த ஜோக்கை அப்படியே விழுங்கினான்.

குண்டூசி என்பது அவனுக்கு வீட்டில் வைத்த பெயரில்லை. ஒல்லி உடம்பு, பெரிய தலை, குத்துகிற வாய் மூன்றும் சேர்ந்து வாங்கிக் கொடுத்தது. ஆனால் நிஜமான ஊசியைக் கண்டால் அவனுக்குக் கால் இரண்டும் துணியாகிவிடும். அது அவன் முதலாளிக்கு மட்டும் தெரிந்த ரகசியம். முதலாளியை ஊரே வக்கீலம்மா என்றுதான் கூப்பிட்டது. கோர்ட்டில் வாய்தா வாங்கி வாங்கிச் சலித்துப்போய், கறுப்பு அங்கியை ஆணியில் மாட்டிவிட்டுத் துப்பறிய வந்தவர்.

"முதல்ல மூச்சு விடும்மா. அப்புறம் சொல்லு," என்றார் வக்கீலம்மா.

அவள் சொன்னாள். அவள் கணவன் லிஃப்ட் மெக்கானிக். கம்பெனியில் வருடத்துக்கு ஒருமுறை எல்லாருக்கும் ரத்தப் பரிசோதனை நடக்கும். அந்த ரிப்போர்ட் வந்துவிட்டதென்று இன்று காலை கம்பெனி டாக்டர் வீட்டுக்குப் போன் செய்திருக்கிறார். வெள்ளை அணுக்கள் எக்கச்சக்கமாக ஏறியிருக்கின்றனவாம். அதில் முதிராத அணுக்கள் ஏராளமாம். உடனே பெரிய ஆஸ்பத்திரியின் ரத்த டாக்டரைப் பாருங்கள், தாமதிக்காதீர்கள் என்றாராம்.

"முதிராத அணுன்னா என்ன சார்னு கேட்டேன். 'ரத்தப் புற்றுநோயா இருக்கலாம்மா'ன்னார். இவருக்குப் போன் அடிச்சா ஆஃப்ல இருக்கு. ஆபீசுக்குப் போட்டா, 'அவர் இந்த வாரம் முழுக்க லீவாச்சே, முந்தாநாள் ரத்தம் கொடுக்க மட்டும் வந்துட்டுப் போனார்'ங்கறாங்க. ஆனா தினமும் காலையில டூல் பேக்கை மாட்டிக்கிட்டுத்தானே கிளம்பினார்! இன்னிக்கும் விடியறதுக்கு முன்னாடியே போயிட்டார்."

"காய்ச்சல் இருந்துச்சா?"

"இல்ல."

"இளைச்சுட்டாரா?"

"அவர் பேண்ட்டெல்லாம் நான்தான் தைக்கிறேன். இடுப்பு ஒரு சுற்றுகூடக் குறையல. ஆனா வலி மேடம். இடுப்பு, முதுகு, நெஞ்செலும்பு. நாலஞ்சு நாளா ராத்திரியெல்லாம் முனகறார். கேட்டா லிஃப்ட் குழியில வழுக்கிட்டேன்னார்."

"சொந்தபந்தம்?"

"யாருமில்ல. அனாதைன்னு சொல்லித்தான் என்னைக் கட்டிக்கிட்டார்."

அவள் பையிலிருந்து ஒரு துணிப் பொட்டலத்தை எடுத்து மேஜையில் பிரித்தாள். சின்னச் சின்னக் காலி அட்டைப்பெட்டிகள். கூடவே மருந்து தீர்ந்த சிரிஞ்சுகள், மூடி போட்ட ஊசிகளோடு.

குண்டூசி சுவரில் சாய்ந்துகொண்டான். "வக்கீலம்மா, நான் வேணும்னா வெளியே போய்க் காவல் இருக்கட்டுமா?"

"இங்கேயே மயங்கு. தூக்கறதுக்கு வசதி."

"ஃப்ரிட்ஜுல, ஐஸ் தட்டுக்குப் பின்னாடி ஒளிச்சு வச்சிருந்தார்," என்றாள் அவள். குரல் இப்போது கிசுகிசுப்பாகியிருந்தது. "இன்னொண்ணும் இருக்கு. போன மாசம் எங்க வீட்டுக்கு எதிர்ல, பஸ் ஸ்டாப்புல ஒரு ஆள் நின்னான். தொப்பி, மூஞ்சியில மாஸ்க். எந்த பஸ்ஸும் ஏறல. ரெண்டு நாள் அப்படியே எங்க ஜன்னலைப் பார்த்துக்கிட்டு நின்னான். இவர்கிட்டக் காட்டினேன். இவர் ஜன்னலைச் சாத்தினார். கை நடுங்கிச்சு. 'யாருங்க'ன்னேன். 'தெரியாது'ன்னார். தெரியாத ஆளுக்கு யாராவது அப்படி நடுங்குவாங்களா மேடம்?"

வக்கீலம்மா பொட்டலத்தை மடித்துக் கைப்பையில் போட்டுக்கொண்டு எழுந்தார்.

பெரிய ஆஸ்பத்திரியில் பொதுமக்கள் போகும் லிஃப்டின் கதவில் ஒரு பலகை தொங்கியது. 'பழுது வேலை நடக்கிறது. தொடாதீர்கள்.' பக்கத்தில் ஆஸ்பத்திரி எலக்ட்ரீஷியன் போனில் யாரையோ வறுத்துக்கொண்டிருந்தார்.

"நீங்க ஆள் அனுப்பலைன்னா மேல வந்து லிஃப்டை நிறுத்தினது யாரு, பிசாசா?"

"நல்ல சகுனம்," என்று முணுமுணுத்தபடி குண்டூசி மாடிப்படியில் கால் வைத்தான். நாலாவது மாடிக்குள் அவன் நாக்கு வெளியே வந்துவிட்டது. அந்தப் பெண்ணுக்கு மூச்சே வாங்கவில்லை. பயம் அவளைப் பின்னாலிருந்து தள்ளிக்கொண்டு வந்தது.

ஐந்தாவது மாடியில் நர்சுகள் ஓடிக்கொண்டிருந்தார்கள். ரத்த டாக்டரம்மா மூக்குக்கண்ணாடியைத் தலைமேல் ஏற்றிவிட்டு அதையே மேஜையில் தேடிக்கொண்டிருந்தார்.

"இன்னிக்கு யாரையும் பார்க்க முடியாது. தலைபோற வேலை."

"ஒரே ஒரு ரிப்போர்ட் டாக்டர்," என்றார் வக்கீலம்மா. கம்பெனி டாக்டர் போனுக்கு அனுப்பியிருந்ததை அவர் முகத்துக்கு நேரே நீட்டினார்.

டாக்டரம்மா சலிப்போடு பார்க்க ஆரம்பித்தார். பிறகு தலையிலிருந்த கண்ணாடி தானாகக் கீழே இறங்கியது. மெல்ல உட்கார்ந்தார்.

"இதைப் பார்த்துட்டுப் புற்றுநோய்னு போன்லயே சொன்னது யாரு?"

"அப்ப இல்லையா டாக்டர்?" அந்தப் பெண்ணின் விரல்கள் அளவு நாடாவை முறுக்கின.

"வெள்ளை அணுங்கறது உடம்போட காவல்காரன்மா. எலும்புக்குள்ள மஜ்ஜைன்னு ஒண்ணு இருக்கு. அதுதான் அவங்களுக்குப் பள்ளிக்கூடம். அங்கேயே பொறந்து, ஒவ்வொரு வகுப்பா ஏறி, முழுசாத் தேறின பிறகுதான் ரத்தத்துக்குள்ள வருவாங்க. பிஞ்சு அணுக்களைப் பள்ளிக்கூடம் வெளியே விடாது. ரத்தத்துல பிஞ்சு தெரியுதுன்னா உள்ள ஏதோ நடக்குதுன்னு அர்த்தம். அது உண்மை. ஆனா என்ன நடக்குதுங்கறதுல நிறைய வகை இருக்கு. பெரிய தொற்று வந்தாலும் பிஞ்சுகளை வெளியே அனுப்பும். கர்ப்பத்துல கொஞ்சம் வரும். வேகமாப் பரவற ரத்தப் புற்றுநோய்ல ஒண்ணாங்கிளாஸ் பசங்க மட்டும் ஆயிரக்கணக்குல தெருவுக்கு வந்துருவாங்க. ஒண்ணு ரெண்டு பெரியவங்க இருப்பாங்க. நடு வகுப்பு மொத்தமாக் காலி. இதைப் பாருங்க. எல்லா வகுப்பும் வரிசை கலையாம வந்திருக்கு. கடைசி வகுப்புதான் கூட்டம் அதிகம்."

"யாரோ மணி அடிச்சுட்டாங்க," என்றான் குண்டூசி.

டாக்டரம்மா சட்டென்று நிமிர்ந்து அவனைப் பார்த்தார். பிறகு அந்தப் பெண்ணிடம் திரும்பினார். "இன்னொரு வகைப் புற்றுநோய்லகூட வரிசை இப்படி வரலாம். ஒரு ரிப்போர்ட்டை மட்டும் வச்சு யாரும் எதையும் முடிவு பண்ணக் கூடாது. அதெல்லாம் இருக்கட்டும். அவர் இப்ப எங்கே இருக்கார்?"

"அது தெரியாமத்தான் இவங்க வந்திருக்காங்க," என்றார் வக்கீலம்மா. அவர் குரல் திடீரென்று பழைய கோர்ட் குரலாகியிருந்தது. "டாக்டர், முன்பின் தெரியாத ஒருத்தரோட ரிப்போர்ட்டைக் காட்டினா எந்த டாக்டரும் 'அவர் எப்படி இருக்கார்'னுதான் கேட்பாங்க. நீங்க 'எங்கே இருக்கார்'னு கேட்டீங்க. நீங்க அவருக்காகக் காத்துக்கிட்டிருக்கீங்க."

வக்கீலம்மா அட்டைப்பெட்டிகளை ஒவ்வொன்றாக மேஜையில் வைத்தார்.

"மணி அடிச்சது யாரு டாக்டர்?"

"நாங்கதான்," என்றார் டாக்டரம்மா. "இதையெல்லாம் நான் உங்ககிட்ட சொல்லக் கூடாது. ஆனா சொல்லாம விட்டா இன்னிக்கு ஒரு உயிர் போகும். அந்த ஊசி அவரோட மஜ்ஜையைத் தட்டி எழுப்பறதுக்கு. அப்பத்தான் எல்லா அணுவையும் பெத்துப் போடற தாய் அணுக்கள் ரத்தத்துக்கு வரும். அதை வடிகட்டி எடுத்து இன்னொருத்தருக்குக் கொடுப்போம். எலும்பு வலியெல்லாம் அந்த மருந்தால வர்றதுதான். உங்க வீட்டுக்காரருக்கு ஒரு நோயும் இல்லம்மா. அவர் தானம் கொடுக்க வந்தவர்."

அந்தப் பெண் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். அழுகையா சிரிப்பா என்று குண்டூசிக்குத் தெரியவில்லை.

"யாருக்குக் கொடுக்கறார்?" என்றார் வக்கீலம்மா.

"கூடப் பொறந்த அண்ணனுக்கு."

"அவருக்கு அண்ணனே கிடையாதே!" என்றாள் அவள்.

டாக்டரம்மா எழுந்து அவர்களை நடைபாதையின் கோடிக்கு அழைத்துப் போனார். கண்ணாடிச் சுவருக்கு அப்பால் ஒரு சின்ன அறை. கட்டிலில் மொட்டைத் தலையோடு ஒரு ஆள் உட்கார்ந்து கதவையே பார்த்துக்கொண்டிருந்தான். அவன் தலை திரும்பியதும் அந்தப் பெண் ஒரு அடி பின்வாங்கி குண்டூசியின் கையைப் பற்றினாள். அவள் நகம் அவன் தோலில் இறங்கியது.

"பஸ் ஸ்டாப்புல நின்னவன். அந்தக் கண்ணு, அதே கண்ணு."

"மருந்து கொடுத்து இவரோட மஜ்ஜையை முழுசா அழிச்சாச்சு," என்றார் டாக்டரம்மா தணிந்த குரலில். "இப்ப இவர் உடம்புல ஒரு காவல்காரன்கூட இல்ல. இனி திரும்பிப் போக வழி கிடையாது. வீட்டை இடிச்சுட்டோம், செங்கல் வந்து சேரல. தம்பி காலையிலேயே வந்திருக்கணும். வேற ஆளைத் தேட நேரமில்ல. அந்தத் தாய் அணுக்களும் ரத்தத்துல ரொம்ப நேரம் நிக்காது. ஊசியோட வேகம் தணிஞ்சா எல்லாம் பள்ளிக்கூடத்துக்கே திரும்பிரும்."

"அப்ப கடத்திட்டாங்க!" என்றான் குண்டூசி. "இந்த அண்ணனுக்கு வேண்டாத எவனோ தம்பியைத் தூக்கிட்டான். இந்த ஆளைக் கத்தியில்லாமலே கொன்னுடலாமே!"

"நீ சொன்னதுல பாதி சரி." வக்கீலம்மா அந்தப் பெண்ணின் தோளைத் தொட்டார். "அம்மா, உங்க வீட்டுக்காரர் எந்த லிஃப்ட் கம்பெனி?"

அவள் சொன்ன பெயர் கீழே பலகை தொங்கிய கதவின் ஓரத்தில் பொறித்திருந்த பெயர்.

குண்டூசிக்குப் பொறி தட்டியது. கம்பெனி அனுப்பாத ஆள் ஒருவன் மேலே ஏறி லிஃப்டை நிறுத்தியிருக்கிறான்.

மொட்டைமாடிக்குப் போகும் கடைசிப் படிகளில் விளக்கில்லை. எலக்ட்ரீஷியன் டார்ச் அடித்துக்கொண்டு முன்னால் போனார். லிஃப்ட் மெஷின் அறையின் இரும்புக் கதவு உள்ளே தாழிட்டிருந்தது. வெளிச்சுவரில் மெயின் ஸ்விட்ச் பெட்டி. அதன் கைப்பிடியைக் கீழே இழுத்து ஒரு சின்னப் பூட்டு போட்டிருந்தது.

"இதை ஏன் அறுத்து எடுக்கல?" என்று குண்டூசி கேட்டான்.

எலக்ட்ரீஷியன் அவனை ஒரு கொலைகாரனைப் பார்ப்பதுபோல் பார்த்தார். "தம்பி, வேலைக்கு இறங்கறவன் கரண்டை நிறுத்தித் தன் பூட்டைப் போட்டுட்டு, சாவியை இடுப்புல சொருகிக்கிட்டுத்தான் இறங்குவான். போட்டவன்தான் திறக்கணும். அவன் அப்பனே வந்தாலும் தொடக் கூடாது. நான் அறுத்து, எவனோ ஸ்விட்சைத் தூக்கி, உள்ள ஒருத்தன் சக்கரத்துல சிக்கினா நீ பொறுப்பேத்துக்குவியா?"

டார்ச் வெளிச்சம் பூட்டின் மேல் விழுந்தது. அதன் நெற்றியில் சிவப்பாக ஒரு புள்ளி.

"என் நெயில் பாலிஷ்," என்றாள் அந்தப் பெண். "நாலு பேர் பூட்டு ஒண்ணா இருந்தா குழம்பும்னு நான்தான் வச்சுவிட்டேன்."

"யாரோ மிரட்டி உள்ள அடைச்சிருக்காங்களா?" குண்டூசி தன்னையறியாமல் கிசுகிசுத்தான்.

"மிரட்டறவன் பூட்டு போட்டுட்டுப் பலகையா மாட்டிட்டுப் போவான்?" வக்கீலம்மா அவளைப் பார்த்தார். "அம்மா, புருஷன் சாகப் போறார், காப்பாத்துங்கன்னு வந்தீங்க. சாகப் போறது அவரில்ல. அவர் உள்ள உட்கார்ந்து ஒரு கொலை பண்ணிக்கிட்டிருக்கார். கையைக் கட்டிக்கிட்டு, சும்மா உட்கார்ந்து."

அவள் கதவை அறைந்தாள். "என்னங்க! நான்தாங்க!"

உள்ளே ஏதோ இரும்பு உருண்டது. பிறகு ஒரு குரல். "நீ எப்படி இங்கே? போயிரு. வீட்டுக்குப் போயிரு."

"உங்களுக்குப் புற்றுநோய்னு நெனச்சு காலையிலேர்ந்து செத்துப் பொழைக்கிறேன். போயிருன்னா எங்கே போறது?"

வக்கீலம்மா கதவருகே வாயை வைத்துப் பேசினார்.

"நான் ஒரு வக்கீல். ஒரு விஷயம் தெரிஞ்சுக்குங்க. தானம் கொடுக்கறவர் கடைசி நிமிஷத்துலகூட மாட்டேன்னு சொல்லலாம். யாரும் உங்களைக் கட்டாயப்படுத்த முடியாது. கேஸ் கிடையாது, ஜெயில் கிடையாது. கதவைத் திறக்கணும்னுகூட இல்ல. ஏன்னு மட்டும் உங்க சம்சாரத்துக்குச் சொல்லுங்க."

கதவுக்கு அந்தப் பக்கம், தரையோடு தரையாக, குரல் வந்தது.

"அவன் ஒரு ஆளைக் கொன்னான். பட்டறையில, இரும்புக் கம்பியால. நான் பார்த்தேன். கோர்ட்டுல சாட்சி சொன்னேன். கூண்டுல நின்னுக்கிட்டு, 'வெளியே வந்ததும் முதல்ல உன்கிட்டதான்டா வருவேன்'னான். அதுக்குத்தான் ஊர் ஊரா மாறினேன். அண்ணன்னு ஒருத்தன் இருக்கான்னு உன்கிட்டகூடச் சொல்லல. வந்துட்டான். கொல்ல வந்தான்னு நெனச்சேன். 'உடம்புக்கு முடியலடா'ன்னு அழுதான்."

"அப்ப ஒத்துக்கிட்டீங்களே," என்றார் வக்கீலம்மா.

"ஒத்துக்கிட்டேன். ஊசியும் போட்டுக்கிட்டேன். நேத்து நர்ஸ் சிரிச்சுக்கிட்டே சொன்னாங்க, 'இனிமே உங்க அண்ணன் உடம்புல ஓடப் போறது உங்க ரத்தம்தான், சோதிச்சுப் பார்த்தாலும் உங்க அடையாளம்தான் வரும்'னு." கதவில் தலை முட்டும் சத்தம் கேட்டது. "ராத்திரி தூக்கமே வரல. நாளைக்கு அவன் இன்னொருத்தனை அடிக்கிறான். அங்கே அவன் கையிலேர்ந்து ஒரு சொட்டு ரத்தம் விழுது. அது யாரோட ரத்தம்? என்னோடது! அவனுக்கு எதிரா சாட்சி சொன்ன என் ரத்தமே எனக்கு எதிரா சாட்சி சொல்லும். காலையில வந்தேன். உள்ள போக முடியல. அஞ்சு நிமிஷம் தனியா உட்கார்ந்துட்டுப் போலாம்னு ஏறினேன். எழுந்திருக்க முடியல."

குண்டூசி வக்கீலம்மாவின் முகத்தைப் பார்த்தான். அவர் கதவிலிருந்து ஒரு அடி விலகி நின்றார். இது சும்மா வந்த பயமில்லை என்பது அதிலேயே தெரிந்தது.

அந்தப் பெண் கதவில் முதுகைச் சாய்த்து இருட்டிலேயே தரையில் உட்கார்ந்தாள்.

"கீழே அவரைப் பார்த்துட்டுத்தான் வந்தேன். எனக்கும் உடம்பெல்லாம் ஆடுது. அவர் பொழைச்சு வந்து மறுபடியும் நம்ம ஜன்னலுக்கு எதிர்ல நின்னா, நானும் நடுங்கத்தான் நடுங்குவேன். ஆனா அவர் செத்தார்னு வைங்க. நீங்க வீட்டுக்கு வருவீங்க. சாப்பிட்டுட்டு என் பக்கத்துல படுப்பீங்க. அப்ப நான் யாரைப் பார்த்துங்க பயப்படறது?"

அவள் தலையைக் கதவில் சாய்த்துக்கொண்டாள்.

"ரத்தத்துக்கு இந்த மேடம் பதில் சொல்லுவாங்க. இன்னிக்கு எடுத்துக் கொடுத்தோம்னு டாக்டரும் சொல்லுவாங்க. நானும் கோர்ட்டுல வந்து சொல்லுவேன். ஆனா இந்தக் கதவுக்கு உள்ளே நடந்ததுக்கு நான் என்ன பதில் சொல்றது?"

தாழ்ப்பாள் நகர்ந்தது.

வெளியே வந்தவன் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நின்றான். இடுப்பிலிருந்து சாவியை எடுத்தான். இருட்டில் சாவி துவாரத்தைத் தொடாமல் பூட்டின் மேல் தடதடத்தது. எலக்ட்ரீஷியன் டார்ச்சை நெருக்கிப் பிடித்தார். உதவிக்கு மட்டும் கை நீட்டவில்லை. அவனே திறந்தான்.

கீழே டாக்டரம்மா ஒரு கேள்வியும் கேட்கவில்லை. கட்டிலைக் காட்டினார். இரண்டு கையிலும் ஊசி ஏறியது. ஒரு கையிலிருந்து கிளம்பிய ரத்தம் மெஷினுக்குள் போய்ச் சுற்றி மறு கைக்குத் திரும்பியது. மேலே தொங்கிய பையில் தக்காளிச் சாறு நிறத்தில் ஏதோ மெல்லத் தேங்கத் தொடங்கியது. குண்டூசி சுவரைப் பார்த்து நின்றான்.

"முடிஞ்சதும் சொல்லுங்க, திரும்பறேன்."

"அதுக்குச் சாயங்காலம் ஆகும்," என்றார் நர்ஸ்.

"பரவாயில்ல. நல்ல சுவர்."

கட்டிலில் கிடந்தவன் லேசாகச் சிரித்தான். வக்கீலம்மா மட்டும் சிரிக்கவில்லை. அவர் கண் நடைபாதையின் மறுகோடியில் இருந்தது. அந்தப் பெண் அங்கே தனியாக நடந்து போய்க்கொண்டிருந்தாள், கண்ணாடி அறையை நோக்கி. குண்டூசி ஓடிப்போய் அவளுக்கு இரண்டு அடி பின்னால் நின்றுகொண்டான். எதற்கென்று அவனுக்கே தெரியவில்லை.

சுவரில் மாட்டியிருந்த போனை அவள் எடுத்தாள். உள்ளே மொட்டைத் தலைக்காரனும் எடுத்தான். ஸ்பீக்கரில் அவன் குரல் கரகரத்தது.

"வந்துட்டானா?"

"வந்துட்டார். எடுத்துக்கிட்டிருக்காங்க."

அவன் கண்ணை மூடினான். "ஓடிட்டான்னு நெனச்சேன். நானா இருந்தா ஓடியிருப்பேன்." பிறகு அவளை உற்றுப் பார்த்தான். "நீதானே ஜன்னல்ல நின்ன பொண்ணு?"

"ஆமா." அவள் பின்வாங்கவில்லை. போன் வயரைச் சுற்றியிருந்த விரல் மட்டும் வெளுத்திருந்தது. "இனிமே உங்க உடம்புல ஓடறது அவரோட ரத்தம். அதைத் தப்பான இடத்துல சிந்திடாதீங்க."

அவன் ரிசீவரை எலும்பும் தோலுமான மறு கைக்கு மாற்றிக்கொண்டான். அந்தக் கை ஒரு காலத்தில் இரும்புக் கம்பியைப் பிடித்த கை என்று குண்டூசியால் நம்ப முடியவில்லை.

"எனக்கு ரொம்பப் பயமா இருக்கும்மா," என்றான் அவன்.

"எனக்கும்தான்," என்று சொல்லிவிட்டு அவள் போனை வைத்தாள்.